சந்திரமலர் சாகவிடாத பெண்கள்

திருகோணமலைச் சந்தையில் சூடை மீனுக்குப் பேரம் பேசிக்கொண்டிருந்தேன். மீன்காரர் தயங்கித் தயங்கிச் சொன்னார்: "டீச்சர், உங்கட சிநேகிதி, நடிகை சந்திரமலர், செத்துப்போனாவாம்." வாய் தவறி, "எந்தப் படத்தில?" என்று கேட்டுவிட்டேன். பிறகுதான் உறைத்தது. மீனை அங்கேயே விட்டுவிட்டு ஓர்ஸ் ஹில்லில் இருந்த அவர் வீட்டுக்கு ஓடினேன்.

உங்களில் பலர் சந்திரமலர் அக்காவைத் திரையில்தான் பார்த்திருப்பீர்கள். நடித்த படத்திலெல்லாம் கடைசியில் சாவார். கடலில் விழுவார், நஞ்சு குடிப்பார், இருமி இருமிப் போவார். "நான் செத்தால்தானே கதாநாயகன் அழலாம்" என்று சிரிப்பார். பின்னேரங்களில் துறைமுகம் தெரியும் யன்னலோரம் எங்களுக்கு இரண்டு கதிரை போட்டிருப்பார். கப்பல்களைப் பார்த்தபடி, அரைத்தூக்கத்தில் இருப்பவர்போல, "அவள் இப்ப நிலாவெளியில இருக்கிறாள்" என்பார். "ஆரக்கா?" என்றால், "தேத்தண்ணி ஆறுது, குடியும்" என்பார்.

அவருடைய நாட்குறிப்புகள் அலுமாரியில் இருப்பது ஊருக்கே தெரியும். கலியாணம் கட்டாத நடிகை. வெறும் வாயை மெல்லுகிற ஊருக்கு அவல் கிடைத்த மாதிரி. செத்தவீட்டிலேயே பத்திரிகைக்காரர் ஒருவர் வந்து கேட்டார். ஆஸ்பத்திரிக்குப் போகும்போது அக்கா அலுமாரித் திறப்பை என் கையில் தந்திருந்தார். "நீர் வாசியும். குடுக்கிறதோ எரிக்கிறதோ, உம்மட விருப்பம்."

எவனுடைய பெயர் இருந்து அக்காவின் மானத்தை வாங்கப்போகிறதோ என்று பயந்தபடி அலுமாரியைத் திறந்தேன்.

ஒருவனும் இல்லை. படங்களில் செத்த பெண்கள்தான் இருந்தார்கள். கடலில் விழுந்தவள் நிலாவெளியில் கரையேறி, கரைவலைக்காரன் ஒருவனைக் கட்டி, பிள்ளைகளை அதட்டிக்கொண்டிருந்தாள். நஞ்சு குடித்தவள் சத்தியெடுத்துப் பிழைத்து, நகரத்தில் தையல்கடை போட்டிருந்தாள். அவர்களுக்குள் கடிதப் போக்குவரத்து வேறு. "உன்ர இருமல் எப்பிடியடி? கருவாடு அனுப்பட்டே?" ஐயோ அக்கா! இத்தனை பேரோடு குடியிருந்த உங்களையா தனிக்கட்டை என்று பரிதாபப்பட்டேன்?

மறுபடி வந்த பத்திரிகைக்காரர் என் கையிலிருந்த புத்தகத்தை வாங்கி நாலு பக்கம் புரட்டிவிட்டு, "இதில ஒண்டும் இல்லையே" என்றார். "ஓம், உங்களுக்கு ஒண்டும் இல்லை" என்று பறித்துக்கொண்டேன்.

அவர் போன பிறகுதான் கடைசிப் பக்கத்தைப் பார்த்தேன். எழுத்து நடுங்கியிருந்தது.

"சந்திரமலர் செத்துப்போனாள். அடுத்த நாள் பின்னேரம் யன்னலைத் திறந்து கதிரைகளைப் போட்டாள். சகுந்தலா வந்து, 'ஏனக்கா எனக்குச் சொல்லாமல் செத்தனீங்கள்?' என்று சண்டை பிடித்தாள். 'தேத்தண்ணி ஆறுது, குடியும்' என்றாள் சந்திரமலர்."

சகுந்தலா நான்தான். அழுது முடிய நேரமெடுத்தது.

அந்தப் புத்தகத்தை யாருக்கும் கொடுக்கப்போவதில்லை. அக்காவிடமிருந்து எனக்கென்று நான் வைத்துக்கொண்டது அது ஒன்றுதான். கீழே இடம் மிச்சம் இருந்தது. நேற்றுப் பின்னேரம் பேனையை எடுத்து எழுதினேன்:

"சகுந்தலா தேத்தண்ணியைக் குடித்தாள். எழும்பிப் போகவில்லை."