கரடிக்குக் கண் வைத்த புதன்கிழமை

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், எனக்குப் பொறுமை கிடையாது. வீடு வீடாகப் போய் பிரஷர் மாத்திரையும் சர்க்கரை மாத்திரையும் கொடுக்கிற வேலைக்கு இந்தக் குணத்தோடு என்னை எப்படி எடுத்தார்களோ தெரியாது. ஜவ்வாது மலையில் எங்கள் ஊரையும் சேர்த்து நான்கு ஊர் என் பொறுப்பு. எந்த வீட்டுக் கதவும் என் குரலுக்குத் திறந்துவிடும். பாஞ்சாலை வீட்டுக் கதவு மட்டும் ஐந்து மாதம் லேசில் திறக்காமல் கிடந்தது. அது திறந்த கதையை இப்போது நினைத்தாலும் எனக்கு இருப்புக் கொள்ளாது.

பாஞ்சாலைக்கு நாற்பது வயது. புருஷன் சின்னதம்பி குடகில் காப்பித் தோட்ட வேலைக்குப் போனவர், ஆறு மாதத்துக்கு ஒரு தடவை வருவார். காட்டோரத்தில் ஒரு ஏக்கர் சாமை நிலத்தை இவள்தான் பார்த்துக்கொள்வாள். ஒரே மகள் தேவயானி போளூரில் ஹாஸ்டலில் தங்கி நர்ஸிங் முதல் வருஷம் படித்தாள். பாஞ்சாலையின் குரலை நீங்கள் கேட்டிருக்க வேண்டும். எங்கள் ஊரில் மர நிழலுக்குள் நுழைகிற முன்னால் ‘ஓ…’ என்று நீட்டி ஒரு கூவல் போடுவோம். கரடி இருந்தால் ஆள் வருவது தெரிந்து அது பாட்டுக்கு விலகிப் போய்விடும். நான் கூவினால் அடுத்த வயலுக்குக் கேட்கும். அவள் கூவினால் அடுத்த ஊரில் நாய் குரைக்கும்.

போன மாசியில் புளி பொறுக்கப் போன அன்றைக்கு மட்டும் அவள் கூவவில்லை. ஏன் என்று யாரிடமும் சொல்லவும் இல்லை. புளியமரத்தடியில் கரடி அவள்மேல் பாய்ந்தது. கையிலிருந்த கூடையை அதன் முகத்தில் வீசிவிட்டு ஓடி வந்து வீட்டில் விழுந்தாள். உடம்பில் ஒரு கீறல் இல்லை. நல்ல காலம், தப்பித்தாள் என்று ஊரே சந்தோஷப்பட்டது. தப்பிக்கவில்லை என்பது ஒரு வாரத்தில் தெரிந்துபோனது.

வாசலைத் தாண்டினால் நெஞ்சு படபடக்கும், கை வியர்க்கும், மூச்சு முட்டும். இரண்டு நாள் லீவில் பார்க்க வந்த தேவயானியின் மணிக்கட்டைப் பிடித்தவள்தான், விடவே இல்லை. கொல்லைப்பக்கம் போவதற்கும் மகள் கூட வர வேண்டும். பெண்ணைத் தனியாகத் தண்ணீர் எடுக்கக்கூட அனுப்ப மாட்டாள். இரண்டு நாள் லீவு இப்படியே மாதக்கணக்கில் நீண்டது. ஆகஸ்ட் முதல் திங்கட்கிழமைக்குள் வராவிட்டால் பெயரை எடுத்துவிடுவோம் என்று கல்லூரியிலிருந்து சொல்லிவிட்டார்கள். தேவயானி பாடப்புத்தகங்களை அம்மா கண்ணில் படாமல் சாமை கொட்டி வைக்கும் குதிருக்குப் பின்னால் ஒளித்து வைத்திருந்தாள். அதைப் பார்த்த அன்று எனக்கு வந்த ஆத்திரத்தில் யாரைத் திட்டுவதென்று தெரியாமல் அவர்கள் வீட்டுக் கோழியைத் திட்டிவிட்டு வந்தேன்.

ஜமுனாமரத்தூர் டாக்டர் மாத்திரை கொடுத்தார். தூக்கம் வந்தது. கால் மட்டும் வாசலைத் தாண்டவில்லை. அவர்தான் புதன்கிழமை தோறும் எங்கள் துணை சுகாதார நிலையத்துக்கு வரும் ஆஸ்மாவைப் பார்க்கச் சொன்னார். ஆஸ்மா வாணியம்பாடிப் பெண், இருபத்தைந்து வயது, மனநல ஆலோசகர். ஆலங்காயம் வழியாக மூன்று மணி நேரம் பஸ்ஸில் குலுங்கி வருவாள். அவள் பையைத் திறந்ததும் என் முகம் தொங்கிப்போனது. உள்ளே வெள்ளைத் தாளும் ஒரு டப்பா மெழுகுக் கலர் குச்சியும்தான் இருந்தன. கரடிக்குப் பயந்தவளை ஒண்ணாம் வகுப்பில் சேர்க்கப் போகிறாயா என்று கேட்டேவிட்டேன்.

“அருணாக்கா, சிலதை நேரா கேட்டா வாய்ல வராது. கை வேலையா இருக்கிறப்ப தானா வரும். வரலன்னாலும் அந்த அரை மணி நேரம் மனசு கொஞ்சம் ஓயும்ல, அதுவே லாபம்” என்றாள் ஆஸ்மா.

முதல் புதன்கிழமை ஒரு பக்கம் தேவயானி, மறு பக்கம் நான் என்று பிடித்து, கிட்டத்தட்டத் தூக்கிக்கொண்டு போனோம். பாஞ்சாலை கருப்புக் குச்சியை எடுத்துத் தாள் முழுக்கத் தேய்த்தாள். குச்சி பாதியாகும் வரை தேய்த்தாள், வேறு எதுவும் வரையவில்லை. ஆனால் நான் நாடி பிடித்துப் பார்த்தேன். வரும்போது நூற்றுப் பதினெட்டு, போகும்போது எண்பத்தாறு! என் கைதான் தப்பாக எண்ணுகிறதோ என்று கடிகாரத்தை வைத்து மறுபடியும் எண்ணினேன். எண்பத்தாறேதான். அன்று மாலை எதிரே வந்தவர்களிடமெல்லாம் இதைச் சொல்லி அவர்கள் உயிரை வாங்கினேன்.

இரண்டாம் வாரம் புளியமரம் வந்தது. மூன்றாம் வாரம் கரடியே வந்துவிட்டது. அட, என்ன கரடி! முடியை ஒவ்வொரு கோடாக இழுத்திருந்தாள், நெஞ்சில் அந்த வெள்ளைப் பட்டை, வளைந்த நகம், நீண்ட மூக்கு. கண் மட்டும் இல்லை. நான்காம் வாரமும் அதே கரடிதான், அதே போலக் கண் இல்லை.

இதற்கு விளக்கம் எனக்குத் தெரியும். எங்கள் ஊர்க் கோயிலுக்கு மண்குதிரை செய்து வைப்போம். பாஞ்சாலையின் அப்பாதான் அதற்குக் கண் வைப்பவர். குதிரை முழுதும் முடிந்த பிறகு கடைசியில்தான் கண். கண் வைத்துவிட்டால் அதற்கு உயிர் வந்துவிடும். பிறகு பொங்கல் வைத்து, இதுதான் உன் இடம் என்று காட்டி, அது எதைப் பார்த்துக்கொள்ள வேண்டுமோ அதற்கு நேராகத் திருப்பி நிறுத்த வேண்டும். அப்படியிருக்க, தன்னைக் கொல்ல வந்த கரடிக்கு யாராவது கண் வைப்பார்களா? ஆஸ்மாவிடம் இதை நான் சொல்லியிருக்க வேண்டும். எல்லாருக்கும் தெரிந்ததுதானே என்று விட்டுவிட்டேன். வாணியம்பாடியில் ஏது மண்குதிரை?

அந்த நான்காம் புதன்கிழமை ஆஸ்மா செய்ததும் நல்ல எண்ணத்தில்தான். பயந்ததை நேருக்கு நேர் பார்க்கட்டும் என்று நினைத்திருக்கிறாள். “கண்ணு மட்டும்தான் பாக்கி” என்று சிரித்துக்கொண்டே கருப்புக் குச்சியை எடுத்து இரண்டு புள்ளி வைத்தாள். இரண்டும் பாஞ்சாலையையே நேராகப் பார்த்தன.

பாஞ்சாலை போட்ட அலறலில் ஊசி போட வந்திருந்த குழந்தைகளெல்லாம் சேர்ந்து அழுதன. மேஜை கவிழ்ந்தது. மகளை இழுத்துக்கொண்டு ஓடிப்போய்க் கதவைச் சாத்தியவள்தான். அடுத்த வாரம் வரவில்லை, அதற்கடுத்த வாரமும் இல்லை. படத்தை என்ன செய்வதென்று தெரியாமல் நான் அலமாரியில் வைத்துப் பூட்டினேன். அதுவும் தப்பாகிவிட்டது. கண் திறந்த கரடி ஆஸ்பத்திரி அலமாரியில் இருக்கிறது என்று ஊர் முழுக்கப் பரவிவிட்டது. எழுபது வயது அருணகிரி ஜன்னல் வழியாகக் கையை நீட்டி மாத்திரை வாங்கிக்கொண்டு போனார், உள்ளே வரவே மாட்டேன் என்றார்.

ஆஸ்மாவை நான் திட்டிய திட்டை இங்கே எழுத முடியாது.  அது அவங்க படம், நான் கை வெச்சிருக்கக் கூடாது என்று மட்டும் சொன்னாள். பிறகு மழையில் நனைந்துகொண்டே பாஞ்சாலை வீட்டுக்குப் போய், சாத்திய கதவுக்கு வெளியே நின்று அதையே உரக்கச் சொல்லி மன்னிப்புக் கேட்டாள். கதவு திறக்கவில்லை. கல்லூரி சொன்ன திங்கட்கிழமைக்குப் பன்னிரண்டு நாள்தான் இருந்தது. எல்லாம் கெட்டது என்றே நான் முடிவு கட்டிவிட்டேன்.

அடுத்த புதன்கிழமை ஆஸ்மா பையைக்கூட இறக்கி வைக்கவில்லை, சுகாதார நிலையத்துக் கதவு தடாலென்று திறந்தது. தேவயானியின் கையைப் பிடித்தபடி பாஞ்சாலை நின்றாள். தலை கலைந்து கிடந்தது, ஆனால் கண்ணில் பழைய முறைப்பு.

“எங்க அந்தப் படம்? கண்ண வெச்சிட்டு அப்படியே உட்டா இன்னா அர்த்தம்? அதுக்கு எடம் காட்ட வேணாவா?”

நான் அலமாரியைத் திறக்கப் பட்ட பாட்டில் சாவி இரண்டு தடவை கீழே விழுந்தது. பாஞ்சாலை தரையில் உட்கார்ந்தாள். இன்னொரு தாளை வாங்கி, கரடிக்குப் பக்கத்தில் பசை தடவி ஒட்டினாள். குச்சியை எடுத்தாள். ஆஸ்மா இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றாள். பாஞ்சாலை மகளின் மணிக்கட்டை விட்டதை நாங்கள் மூன்று பேரும் பார்த்தோம். தாளைப் பிடிக்க ஒரு கை வேண்டும் அல்லவா, அதற்காக விட்டாள். 

புதுத் தாளில் சின்னதாக ஒரு கருப்பு உருண்டை வந்தது. அதற்குக் காது வந்தது, கால் வந்தது. குட்டி!

படத்தைவிட்டுத் தலையைத் தூக்காமலே பேசினாள். அன்று மரத்தடியில் ஏதோ கருப்பாக அசைந்ததாம். பன்றிக்குட்டி, விரட்டலாம் என்று சத்தம் போடாமல் பக்கத்தில் போனாளாம், அதனால்தான் கூவவில்லை. கல்லை எடுத்து வீசினாள். அது அழுதது. பச்சைக் குழந்தை மாதிரி அழுதது. அதற்குப் பிறகுதான் தாய் வந்தது. ஐந்து மாதமாக ராத்திரியும் பகலும் அவள் காதில் கேட்டுக்கொண்டிருந்தது கரடியின் உறுமல் இல்லை, அந்தக் குட்டியின் அழுகைதான்.

“அது என்னைத் தின்ன வரல, அருணா. புள்ளைய அடிச்சவள அடிக்க வந்துச்சு. நானா இருந்தாலும் அதத்தான் பண்ணியிருப்பேன்.”

சொல்லிவிட்டு, ஆஸ்மா வைத்த இரண்டு கண்ணையும் நகத்தால் சுரண்டி எடுத்தாள். அப்பா குதிரைக்கு வைப்பது போல நிதானமாகப் புதுக் கண் வைத்தாள். இந்த முறை கரடி எங்கள் யாரையும் பார்க்கவில்லை, குட்டியைப் பார்த்தது. எனக்கு அழுகை பீறிட்டு வந்தது. ஆஸ்மாவும் அழுதாள். பாஞ்சாலை அழவில்லை. மகளைப் பார்த்து, புத்தகமெல்லாம் குதிருக்குப் பின்னால் பூச்சி அரிக்கப் போகிறது, வெயில் அடித்தால் எடுத்துக் காயவை என்றாள். கள்ளி, அவளுக்கு எல்லாம் தெரிந்திருக்கிறது.

படத்தை வீட்டுச் சுவரில் காட்டைப் பார்த்து மாட்டி, சாமைப் பொங்கல் வைத்தாள். எனக்கும் ஒரு கிண்ணம் வந்தது. ஒரு படம் வரைந்ததும் எல்லாம் பறந்துபோய்விட்டது என்று நான் அளக்க மாட்டேன். மாத்திரை இன்றைக்கும் உண்டு. தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு உட்காருகிற நாளும் உண்டு. அப்படிப்பட்ட நாளில் நான் பேசுவதில்லை, தாளையும் குச்சியையும் எடுத்து வைத்துவிட்டு வந்துவிடுவேன்.

அந்தத் திங்கட்கிழமை காலை போளூர் பஸ் ஏழு மணிக்கு. எங்கள் வீடுகளிலிருந்து பஸ் நிற்கும் இடத்துக்கு ஒரு கிலோமீட்டர். நடுவில் அதே புளியமரங்கள். போகும்போது மூவரும் சேர்ந்து போவது, திரும்பும்போது நான் பாஞ்சாலையைக் கூட்டி வருவது என்று பேசி வைத்திருந்தோம். மரத்தடியில் அவள் கை என் கையை நசுக்கியது, விரல் உடைந்துவிடும் போல இருந்தது. ஆனாலும் நிற்காமல் நடந்தாள். பஸ் வந்தது. தேவயானி ஏறி ஜன்னல் ஓரம் உட்கார்ந்தாள். அவள் முகத்தில் போகிற ஆசை பாதி, பயம் பாதி.

பாஞ்சாலை என் கையை விட்டாள். “நீ இங்கியே நில்லு. நான் போய்க்கிறேன்” என்று சொல்லிவிட்டு விறுவிறுவென்று திரும்பி நடந்தாள், ஒற்றையாக.

தேவயானி எழுந்துவிட்டாள். இறங்கினால் காலை ஒடித்துவிடுவேன் என்று கத்தினேன், டிரைவரைப் பார்த்து ஒரு நிமிஷம் பொறு சாமி என்று கும்பிட்டேன்.  பாஞ்சாலையின் மஞ்சள் சேலை மரங்களுக்கு முன்னால் போய் நின்றது. அப்படியே நின்றது. நாடி இப்போது எவ்வளவு இருக்கும், ஓடிப்போய்ப் பிடிக்கலாமா என்று ஒரு அடி எடுத்து வைத்தேன்.

“ஓ…”

அடுத்த ஊரில் நாய் குரைத்தது. பாஞ்சாலை இன்னொரு தடவை கூவினாள், முன்னைவிட நீளமாக. இந்தப் பக்கம் பஸ் ஜன்னலில் பாதி உடம்பை வெளியே நீட்டி, கண்ணில் நீர் வழிய வழிய, தேவயானி பதிலுக்குக் கூவினாள். கண்டக்டர் விசில் கொடுக்க மறந்து நின்றார். மஞ்சள் சேலை மர நிழலுக்குள் போனது. கொஞ்ச நேரத்தில் அந்தப் பக்கம் வெயிலில் வெளியே வந்தது. நான் பஸ்ஸைத் தட்டிப் போகச் சொன்னேன்.