அயர்லாந்து நடிகையும் மூன்று துப்பாக்கிகளும்

மகளுக்கு அயர்லாந்தில் நர்ஸ் வேலை கிடைத்தது. அந்த நாட்டைத் தெரிந்துகொள்ளலாமே என்று ஓர் அயர்லாந்து நடிகையின் படங்களை டிவியில் பார்த்தேன். மூன்று படம். மூன்றிலும் அவள் ஆயுதப் போராட்டக்காரி. ஒன்றில் குழந்தையின் தள்ளுவண்டியில் துப்பாக்கியை வைத்துத் தள்ளிக்கொண்டு போனாள். அருமையான ஊர்! மகளிடம், போக வேண்டாம் என்றேன்.

"நம்மூரு படத்துல ஆளாளுக்கு அருவா தூக்குறாங்க. அதுக்குப் பயந்து விருத்தாசலத்த வுட்டு ஓடிட்டமாப்பா?" என்று கேட்டுவிட்டு விமானம் ஏறினாள்.

போன மாதம் போனில் அவளே புலம்பினாள். "கூட வேல பாக்குற அயர்லாந்துப் பொண்ண நம்மூருல நடக்கப்போற என் கல்யாணத்துக்குக் கூப்புட்டேம்பா. நம்ம படம் ஒண்ணு போட்டுக் காட்டுனது தப்பாப் போச்சு. பதினோரு அருவா எண்ணிட்டு, வர மாட்டேன்னுட்டா."

அந்த நாட்டிலும் என்னைப் போலப் படம் பார்த்து ஒழுங்காக எண்ணுகிறவள் ஒருத்தி இருக்கிறாள். எனக்குப் பாதிக் கவலை தீர்ந்தது.