சல்லடை ஸ்டியரிங்

ரங்கூனில் எழுபதாம் வருஷக் கடைசியில் ரோட்டின் பக்கத்தை மாற்றினார்கள். அதுவரை இடது பக்கம் ஓடிய வண்டியெல்லாம் மறுநாளிலிருந்து வலது பக்கம் ஓட வேண்டும். ஆட்சியில் மேலே இருந்தவருக்கு ஜோசியர் சொன்னார் என்றார்கள், கனவு வந்தது என்றார்கள். யாருக்கு என்ன வந்ததோ, திண்டாடியது நாங்கள்தான். என் வீட்டுக்காரர் பதினெட்டு வருஷம் இடது பக்கம் லாரி ஓட்டியவர். முதல் வாரமே ஒரு பஸ்ஸுக்கு முன்னால் போய் நின்றுவிட்டு, வீட்டுக்கு வந்து உட்கார்ந்துவிட்டார்.

வேலை போனால் சோறு இல்லை. அதனால் நானே வாத்தியாரானேன். அவரை மணைக்கட்டையில் உட்கார வைத்து, மாவு சலிக்கும் சல்லடையைக் கையில் கொடுப்பேன். அதுதான் ஸ்டியரிங். பின்னால் நின்றுகொண்டு, சோறு வடிக்கும்போதும் துணி மடிக்கும்போதும் திடீரென்று கத்துவேன்: "எதிர்ல வண்டி! வலது! வலது!" சல்லடை இடது பக்கம் திரும்பினால் அகப்பைக் காம்பால் கையில் ஒரு போடு. பக்கத்து வீட்டார் சிரித்தார்கள். மாதக்கணக்கில் கத்தினேன். அதன் பிறகு அவர் ஒரு கோழிமேல்கூட வண்டியை ஏற்றவில்லை. எனக்குத் தலைகால் புரியாத பெருமை, மறைப்பானேன்.

எழுபத்துநாலில் அந்த ஊரையும் விட்டு, கட்டிய துணியோடு புனேவுக்கு வந்து சேர்ந்தோம். கோர்படியில் என் அண்ணனுக்குத் தொழிற்சாலை குவார்ட்டர்ஸ். இரண்டு அறையில் அவர்கள் ஐந்து பேர், எங்களோடு ஏழு. மூன்றாம் மாதம் ஆபீஸிலிருந்து கடிதம் வந்தது. வெளியாட்கள் மாதக் கடைசிக்குள் போகாவிட்டால் குவார்ட்டர்ஸே பறிபோகும். அண்ணன் அதைப் படித்துக் காட்டவில்லை, என் பக்கத்தில் வைத்துவிட்டு வெளியே போனார். அண்ணி அன்றிலிருந்து என்னிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. அவளைச் சொல்லிக் குற்றமில்லை.

அப்போதுதான் கேம்ப் என்கிற கடைத்தெருப் பக்கம் ஒரு பேக்கரியில் ரொட்டி வேன் ஓட்ட ஆள் தேவை என்று தெரிந்தது. முதலாளியை எல்லோரும் சேட் என்பார்கள். பேக்கரிக்குப் பின்னால் ஓர் அறை, டிரைவருக்கு என்றே. "ஆட் தின் தேகூங்கா" என்றார் சேட். எட்டு நாள் பார்ப்பாராம், வண்டியில் ஒரு கீறல் விழக்கூடாதாம். ரொட்டித் தட்டு இறக்க ஆள் வேண்டும் என்றதும் நான் வருகிறேன் என்றேன். தட்டு இறக்கவா போனேன்? இவர் கையைப் பார்த்துக்கொள்ளப் போனேன். இங்கே மறுபடி இடது பக்கம். லைசென்ஸுக்கு வெறும் மைதானத்தில் ஓட்டிக் காட்டிவிட்டார், மைதானத்தில் பக்கம் ஏது? ஆனால் பதறினால் அவர் கை வலது பக்கம்தான் போகும். நான் அடித்து ஏற்றிய பாடம் அல்லவா.

அண்ணியின் சல்லடையை எடுத்தேன். இப்போது "இடது! இடது!" அகப்பைக் காம்பு மறு கையில் விழுந்தது.

ஏழு நாள் ஓடியது. ஒவ்வொரு திருப்பத்திலும் "இடது" என்று முணுமுணுப்பேன். "தெரியுது புள்ள, நீ செத்த சும்மா இரு" என்பார். ஏழாம் நாள் சேட் அந்த அறையைத் திறந்து காட்டினார். அடுப்பை எந்த மூலையில் வைப்பது என்றுகூட நான் முடிவு செய்துவிட்டேன்.

எட்டாம் நாள் காலை. கோர்படி பக்கம் போகிறோம். எதிரே வந்த லாரி ஒரு குழிக்கு ஒதுங்கி நடுரோட்டுக்கு வந்தது. எங்களுக்கு இடது பக்கம் மண் ஓரம் தாராளமாகக் கிடந்தது. அவர் கை இடது பக்கம் திரும்ப ஆரம்பித்துவிட்டது. நான் என் கண்ணால் பார்த்தேன்.

"வலது!" என்று கத்தினேன்.

ஆமாம், நான்தான். தொண்டையிலிருந்து தானாக வந்தது. அவர் அந்தக் கணமே வலது பக்கம் ஒடித்தார். லாரி எங்கள் பின்பக்கத்தை இடித்தது. வேன் ரோட்டைத் தாண்டிப் போய், சைக்கிளில் வந்த பால்காரர் மேல் ஏறியது. அந்த மனுஷனின் கால் நசுங்கியது. ரோடெல்லாம் பால், அதில் ரொட்டி.

சேட் வந்தார். இவர் கைகட்டி நின்று, "கல்தி மேரி ஹை சேட், புரானி ஆதத்" என்றார். தப்பு என்னுடையதுதான், பழைய பழக்கம் என்று. சேட் என்னைப் பார்த்துத் திரும்பினார். ஏழு நாளும் ஒழுங்காகத்தானே ஓட்டினான், இன்றைக்கு என்ன ஆயிற்று என்று இந்தியில் கேட்டார். நான் கத்தியதைச் சொல்லியிருந்தால் ஒருவேளை என்னை மட்டும் துரத்திவிட்டு அவரை வைத்துக்கொண்டிருப்பார். பால்காரரின் அலறல் கேட்டுக்கொண்டிருந்தது. நான் குனிந்து, பாலில் கிடந்த ரொட்டியைத் தட்டில் பொறுக்கிப் போட்டேன்.

லைசென்ஸ் போயிற்று. அறை போயிற்று. எரவாடாவில் ஒரு தகரக் கொட்டகைக்குக் குடிபோனோம். அவர் வாட்ச்மேன் ஆனார், அப்புறம் ஸ்டியரிங்கைத் தொடவே இல்லை. தாங்கித் தாங்கி நடக்கும் அந்தப் பால்காரரைத் தூரத்தில் பார்த்தால் நான் சந்துக்குள் புகுந்துவிடுவேன். அன்றைக்கு நான் கத்தியதைப் பற்றி என் வீட்டுக்காரர் ஒரு வார்த்தை கேட்கவில்லை. திட்டியிருக்கலாம். கன்னத்தில் இரண்டு அறை விட்டிருந்தால்கூட எனக்கு மனசு ஆறியிருக்கும்.

எண்பதுகளில் அவருக்குப் பார்வை மங்கியது. ரோட்டைக் கடக்கும்போது ஓரத்தில் நின்று என் மணிக்கட்டைப் பிடித்துக்கொள்வார். குத்தலாக இல்லை, நிஜமாகவே கேட்பார்.

"நீ சொல்லு புள்ள, போலாமா?"

ரோடு காலியாகத்தான் கிடக்கும். நான் வலது பக்கம் பார்ப்பேன், இடது பக்கம் பார்ப்பேன், மறுபடியும் வலது பக்கம். நான் சொல்வேன் என்று அவர் நிற்பார். இரண்டு பேரும் அப்படியே நின்றுகொண்டிருப்போம்.