எழாதவரின் கால்கள்

பகவதியப்பன் அண்ணாச்சி காலமான செய்தி, எனக்கு ஒரு மாலைக்கான ஆர்டராக வந்து சேர்ந்தது. தோவாளைச் சந்தையில் காலை வியாபாரம் தணிந்து, மிஞ்சிய பூக்களுக்கு நான் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தபோது நம் இயக்கத்தின் கிளைச் செயலாளர் சுடலை கைப்பேசியில் அழைத்தார்.

“இசக்கியக்கா, ரோசாப்பூ மாலை ஒண்ணு வேணும். பெருசா, கனமா கெட்டுங்க.”

“யாருக்குத் தம்பி?”

“நம்ம அண்ணாச்சிக்கு…” என்றார். மூக்கை உறிஞ்சும் ஓசை மட்டும் கேட்டது. எனக்கு விளங்கிவிட்டது.

கதறி அழுதேன் என்று எழுதினால் இவ்விடத்திற்குப் பொருத்தமாக இருக்கும். ஆனால் நான் முதலில் செய்த காரியம், கடைக் கதவைச் சாத்தி உள்ளே தாழிட்டதுதான். தாழிட்ட பிறகே அழுதேன். நம் இயக்க இதழில் இதைப் படிக்கும், அண்ணாச்சியை அறிந்த உங்களிடம் இதை மறைக்க நான் விரும்பவில்லை.

எங்கள் ஊர்க் குளத்தில் பாதியை மண்ணிட்டு நிரப்பிச் சரக்குக் கிட்டங்கி கட்ட ஓர் ஒப்பந்தக்காரர் முனைந்திருக்கிறார். நெல்லும் பிச்சிப்பூவும் அந்தத் தண்ணீரை நம்பியே விளைகின்றன. எதிர்ப்பு மனுவில் முதல் கையெழுத்து என்னுடையது. வருகிற புதன்கிழமை நாகர்கோவிலில் நடக்கவிருக்கும் கருத்துக்கேட்புக் கூட்டத்தில் ஊர் சார்பில் பேச வேண்டியவளும் நானே. இது ஒப்பந்தக்காரருக்குத் தெரிந்த பின் ஒரு நாள், மோட்டார் சைக்கிளில் இருவர் கடைக்கு வந்தனர். சாவு மாலை ஒன்று கட்டச் சொன்னார்கள். பேரம் பேசாமல் பணம் கொடுத்தார்கள். கட்டிய மாலையை என் கடை வாசல் ஆணியிலேயே மாட்டினார்கள்.

“யாருக்குப்பா மாலை?” என்றேன்.

“இப்போ யாருக்கும் இல்லக்கா. இங்கயே கெடக்கட்டும். நீங்க கூட்டத்துல பேசினா, ஒங்க வீட்டுக்காரங்க மாலைக்கு அலையாண்டாம்லா?”

இருவரும் சிரித்தார்கள். நானும் என்னை மீறிச் சிரித்தேன். அச்சம் மனிதரை அப்படியெல்லாம் செய்விக்கும்.

மறுநாள் சுசீந்திரத்திலிருந்து பேருந்து ஏறி அண்ணாச்சி வந்தார். குடையை ஊன்றி நின்று, வாடத் தொடங்கியிருந்த அந்த மாலையை உற்றுப் பார்த்தார்.

“கெட்டு நல்லாத்தான் இருக்கு. கூலி வாங்கினியா?”

“வாங்கினேன் அண்ணாச்சி.”

“பின்னே என்ன? எடுத்து எருக்குழியில போடு. புதன்கிழமை முன்வரிசையில நான் இருப்பேன். நீ என்னப் பாத்துப் பேசு. ஆனா ஏட்டி, ஒன்னோட தமிழுக்குக் கலெக்டர் அகராதி தேடாம பாத்துக்கோ.”

ஐந்தாம் வகுப்போடு பள்ளி என்னைக் கைவிட்டது. அதன்பின் இயக்கத்தின் படிப்பகத்தில் என்னை நானே படிப்பித்துக்கொண்டேன். செந்தமிழில் பேசுவதில் எனக்குப் பெருமை உண்டு. அதைக் கேலி செய்யும் உரிமையை அவர் ஒருவருக்கே அளித்திருந்தேன்.

அவருடைய அரசியல் வாழ்வை நாடு ஒரே நிகழ்ச்சியால் அறியும். விசாரணையின்றி மக்களைச் சிறையில் வைக்க வழிசெய்யும் சட்டத்தை அவருடைய கட்சியே நாடாளுமன்றத்தில் கொண்டுவந்தது. ஆதரிப்போர் எழுந்து நிற்கலாம் என்று அவைத்தலைவர் அறிவித்தபோது ஆளுங்கட்சி முழுவதும் எழுந்தது. உறுப்பினரான அவர் ஒருவர் மட்டும் உட்கார்ந்திருந்தார். பதவி போயிற்று. அடுத்த தேர்தலில் போட்டியிட இடமும் மறுக்கப்பட்டது. ‘எழாதவர்’ என்ற பெயர் நிலைத்தது. வடநாட்டுத் தலைவர்களும் யோசனை கேட்டு அவர் வீட்டு வாசலுக்கு வந்ததை நாம் கண்டிருக்கிறோம். ஊர் திரும்பிய பிறகு, மக்கள் குறைகேட்கும் கூட்டங்களில் எல்லாம் முன்வரிசையில் வந்து அமர்வார். பேசமாட்டார். அவர் அமர்ந்திருந்தால் அதிகாரிகள் கோப்புகளை ஒழுங்காகப் படித்தார்கள்.

அவர் அச்சமற்றவர் என்றே நானும் நம்பியிருந்தேன். ஆரல்வாய்மொழிப் பக்கத்தில் மலையை உடைக்கும் குவாரி பற்றிய கூட்டம் ஒன்றில் அந்த நம்பிக்கை உடைந்தது. குவாரிக்காரர்களின் ஆட்கள் கூச்சலிட்டு நாற்காலிகளை உதைத்துத் தள்ளினார்கள். அவர் அருகில் அமர்ந்திருந்த நான், தவறவிட்ட தாளை எடுக்கக் குனிந்தேன். அண்ணாச்சியின் இரு கால்களும் நாற்காலியின் முன்கால்களைப் பின்னிக்கொண்டிருந்தன. விரல்கள் வெளுத்திருந்தன. நாற்காலியே நடுங்கியது. நிமிர்ந்து பார்த்தேன், முகத்தில் சலனம் இல்லை.

திரும்பும் பேருந்தில் மெல்லக் கேட்டேன்.

“பயந்தான் மக்கா,” என்றார். “அன்னைக்கு டெல்லியிலயும் இதே கததான். எல்லாவனும் எழும்புகான். எனக்க கால்முட்டும் தானா எழும்பப் பாத்துது. மேசைக் காலுல காலப் பின்னிக் கெட்டியாப் பிடிச்சுக்கிட்டேன். பேப்பர்காரன் வீரம்னு எழுதினான். வீரமும் இல்ல, மண்ணாங்கட்டியும் இல்ல. எழும்பாம இருந்தேன், அவ்வளவுதான்.”

“இதை நான் பிறரிடம் கூறலாமா?”

“நான் போன பொறவு சொல்லு. இருக்கும்போ சொன்னா நம்ம ஆளுக பயந்திருவானுவ.”

ஆகவே இப்போது சொல்கிறேன்.

அடக்கம் முடிந்த மறுநாள் சுடலை கடைக்கு வந்தார். புதன்கிழமை முன்வரிசை நாற்காலியில் அண்ணாச்சியின் படத்தை வைத்து மாலையிட இயக்கம் முடிவு செய்திருக்கிறதாம். “அண்ணாச்சி இருக்க மாதிரியே அவனுவளுக்குத் தோணணும்லா அக்கா? ஒரு மாலை கெட்டித் தாங்க.”

கட்டித் தர மறுத்துவிட்டேன். “படத்துக்குக் கால் கிடையாது தம்பி,” என்றேன். அவர் விழித்தார். இதைப் படித்தால் விளங்கிக்கொள்வார்.

இதை எழுதும்போதும் தெருவில் மோட்டார் சைக்கிள் ஓசை கேட்டால் பேனா நின்றுவிடுகிறது. அந்த இருவரும் நேற்றும் கடையைக் கடந்து போனார்கள். ஒருவன் வாசல் ஆணியைச் சுட்டிக்காட்டிவிட்டுப் போனான். என் மகள், பேச்சை வேறு யாரிடமாவது கொடுத்துவிடும்படி மன்றாடுகிறாள். அவள் சொல்வதில் நியாயம் இல்லை என்று என்னால் கூற இயலவில்லை.

ஆயினும் புதன்கிழமை நான் பேசுவேன். அந்த நாற்காலியைப் படத்துக்கு விட்டுவிடாதீர்கள். உங்களில் எவரேனும் வந்து அதில் உட்காருங்கள். உங்களுக்கும் நடுக்கம் இருந்தால் பாதகமில்லை, அவருக்கும் இருந்தது. அண்ணாச்சியிடமிருந்து எனக்கென்று நான் வைத்துக்கொண்டிருப்பது, நாற்காலிக்கு அடியில் கண்ட அந்தக் கால்களைத்தான். நான் நின்று பேசவேண்டியவள். எனக்கு நாற்காலி இல்லை. ஒலிபெருக்கி வைத்த மேசையின் காலை என் வலது கால் பின்னியிருக்கும். மேசை ஆடினால் பொருட்படுத்தாமல் கேளுங்கள்.