அக்காவுக்குக் கேட்ட படங்கள்

இசையமைப்பாளர் ஆவதற்கு வெகு முன்பே அவருக்குச் சீட்டி என்று பெயர் விழுந்துவிட்டது. காரணம் அவருடைய அக்கா. சின்ன வயதுக் காய்ச்சலில் அவளுக்குக் கண் பார்வை போயிற்று. சினிமாப் பைத்தியம் மட்டும் போகவில்லை. தம்பியின் தோளைப் பிடித்துக்கொண்டு தியேட்டருக்குப் போவாள். திரையில் நடப்பதையெல்லாம் அவன் காதோடு காதாகச் சொல்ல வேண்டும். பின்வரிசைக்காரர்கள் சும்மா இருப்பார்களா?

"நாங்க படம் பாக்கறதா, உன் வியாக்கியானத்தைக் கேக்கறதா?"

பேச்சை நிறுத்திவிட்டு உதட்டைக் குவித்தான் பையன். வில்லன் ஒளிந்தால் மூச்சளவில் ஒரு சீட்டி. கதாநாயகி மாடியிலிருந்து இறங்கினால், கூடவே இறங்கும் ஒரு சீட்டி. அக்காவுக்கு எல்லாம் விளங்கியது.

வளர்ந்து கிளாரினெட் கற்று, ஒலிப்பதிவுக் கூடத்தில் பத்தோடு பதினொன்றாக வாசித்து, மெல்ல மெல்லத் தானே இசையமைக்கத் தொடங்கினார். எந்தப் படமானாலும் பின்னணி இசையைப் படத்தில் சேர்ப்பதற்கு முன் அக்கா கேட்டாக வேண்டும். அவர் வாய் திறக்கக் கூடாது. கேட்டுவிட்டு அவளே கதை சொல்வாள். கதை பிசகினால் பிசகு இசையில் என்று அர்த்தம்.

பெரிய இயக்குநர் ஒருவரின் படம் கிடைத்தது. கணவன் விட்டுப் போன வீட்டில் ஒருத்தி தனியாக நிற்கும் காட்சி. வயலின்களைக் கொட்டி முழக்கியிருந்தார். கூடத்தில் இயக்குநரே கண்ணைத் துடைத்துக்கொண்டார். அன்று ராத்திரி சாப்பாட்டு வேளையில் அக்காவுக்கு அதைப் போட்டுக் காட்டினார்.

"செத்தது யாருடா?"

"யாரும் சாகலக்கா. புருஷன் விட்டுட்டுப் போயிட்டான்."

"அவ அழறாளா?"

"இல்ல. வீட்டைப் பெருக்கறா."

"அப்புறம் நீ எதுக்கு அழறே?"

அவர் முகம் சுண்டிப்போயிற்று. சாப்பிடாமலே எழுந்து போய்விட்டார். ஆனாலும் மறுநாள் காலையில் படத்தொகுப்பு அறைக்குப் போய், அந்தக் காட்சியைச் சத்தமே இல்லாமல் திரும்பத் திரும்பப் போடச் சொன்னார். அப்போதுதான் கண்ணில் பட்டது: கட்டிலுக்கு அடியில் கணவனின் பழைய செருப்பு. துடைப்பம் ஒரு கணம் நிற்கிறது. பிறகு குப்பையோடு குப்பையாக அதையும் வாசலுக்குத் தள்ளுகிறாள்.

"நல்லா இருக்கறதை ஏன் கெடுக்கறீங்க?" என்று இயக்குநர் குதித்தார்.

"நல்லாத்தான் சார் இருக்கு. ஆனா அது என் அழுகை. அவளோடது இல்ல."

இயக்குநர் முணுமுணுத்துக்கொண்டே சாயங்காலம் வரை அவகாசம் கொடுத்தார். வயலின்காரர்களை அனுப்பிவிட்டு, பல வருஷமாகத் தொடாத கிளாரினெட்டைச் சீட்டியே எடுத்தார். முதல் ஊதலில் அது வாத்து மாதிரி கத்தியது. ஒலிப்பதிவாளர் சிரிப்பை அடக்கிக்கொண்டார். பிறகு திரையைப் பார்த்தபடியே வாசித்தார். துடைப்பத்தின் வேகம்தான் தாளம். செருப்பைக் கண்டதும் இசை நின்றது. செருப்பு வாசலைத் தாண்டியபோது ஒரே ஒரு சுரம் மேலே ஏறியது.

படம் வெளியான அன்று அந்த இடத்தில் ஜனங்கள் அழவில்லை, கை தட்டினார்கள். சீட்டியே அதை எதிர்பார்க்கவில்லை. விருது வேறு யாருக்கோ போயிற்று. அந்த இயக்குநரோ அதற்கப்புறம் இவரை விட்டு வேறு ஆளைத் தேடவே இல்லை.

இயக்குநரின் அடுத்த படத்துக்குப் போட்ட இசையைக் கேட்டுக்கொண்டிருந்த அக்கா பாதியில் தூங்கிவிட்டாள்.

"மனுஷனைத் தூங்க வைக்கறதும் ஒரு திறமைதான்டா," என்றாள் எழுந்ததும்.

சீட்டி சிரித்துவிட்டு, முதல் ரீலிலிருந்து மறுபடி இசையமைக்க ஆரம்பித்தார்.