மணி பின்னால் வந்தது, மந்தை வரவில்லை

என் நாத்தனாரை ஊரில் எல்லோரும் பூட்டக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். பொதுப் புல்வெளியின் சாவிக்கொத்து எப்போதும் அவள் இடுப்பில் தொங்கும். அதனால் வந்த பெயர். அவள் வருவது சாவிச் சத்தத்தில் முன்பே தெரிந்துவிடும். சமையலறையில் நாங்கள் அவளைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தால் பேச்சை மாற்றிக்கொள்ள அவகாசம் கிடைக்கும். எல்லா நாத்தனார்களுக்கும் கடவுள் இப்படி ஒரு சத்தத்தைக் கொடுத்திருந்தால் பாதி வீடுகளில் சண்டையே வராது.

அவள் வேலை என்னவென்றால், புல்லுக்கு ஓய்வு கொடுப்பது. வெளியூர்க்காரர்களிடம் சொன்னால் சிரிப்பார்கள். ஊர் மாடுகள் எல்லாம் ஒன்றாக மேய்கிற வெளி அது. கம்பி வேலி போட்டுப் பங்கு பங்காகப் பிரித்திருக்கிறார்கள். ஒரு பங்கில் மாடுகள் மேயும்போது மற்றவை சாத்திக் கிடக்கும். பூட்டக்கா தினமும் காலையில் புல்லுக்குள் இறங்கி நின்று பார்ப்பாள். கணுக்கால் புல்லில் மறைந்தால் இன்னும் மேயலாம். கணுக்கால் எலும்பு வெளியே தெரிந்துவிட்டால் மாடுகள் கிளம்ப வேண்டும்.

"இன்னும் பச்சையாத்தானே இருக்கு, அதுக்குள்ள ஏன் சாத்துற?" என்று மாட்டுக்காரர்கள் கேட்பார்கள். அவள் வீட்டுக்காரர் தையற்காரர். கடைவீதியில் மிஷின் போட்டிருக்கிறார். அவர் சொல்லிக் கொடுத்த பதிலையே அவள் சொல்லுவாள்: "துணிய ஒட்ட வெட்டிட்டா அப்புறம் தைக்க எங்க போறது? கொஞ்சம் விட்டாத்தான் மறுபடி வரும்."

மாடுகளைப் பற்றி இவ்வளவு அழகாகப் பேசுகிற அந்த மனிதருக்கு மாடு என்றாலே உயிர் போய்விடும். தெருவில் கன்றுக்குட்டி வந்தால்கூடக் கடைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்வார். பூட்டக்கா காலையில் கேட்டைத் திறக்கும் முன் கண்ணை மூடி வேண்டிக்கொள்வாள். ஒருநாள் பக்கத்தில் நின்று கேட்டேன். "கடவுளே, புல்லுக்குத் தண்ணி குடு. மாட்டுக்குப் புத்தி குடு. எங்க வீட்டுக்காரருக்குக் கொஞ்சம் தைரியம் குடு. அவசரம் இல்ல, மெதுவா குடு."

இத்தனை பங்குகளில் மேட்டுப் பங்கு ஒன்றுதான் தனி. மழை நின்று தரை வெடிக்கிற மாதங்களுக்காக அதை அதுவரை சாத்தியே வைத்திருப்பார்கள். அங்கே இப்போது வாய் வைத்துவிட்டால் கோடையில் மாடுகள் கல்லைத்தான் நக்க வேண்டும்.

அந்தப் பங்கின் மேல் ஒருத்திக்குக் கண். அவள் பால்காரருடைய மாடு. பெரிய கொம்பு, பெருத்த கழுத்து, யாருக்கும் வழிவிடாத நடை. அதனால் பெயர் சேர்மன். மந்தைக்கு முன்னால் நடக்கிற மாடு என்பதால் மணியும் அதன் கழுத்தில்தான். மாடே போகாத இடம்தானே என்று மேட்டுப் பங்கின் கேட்டுக்குப் பூட்டுப் போடவில்லை, சங்கிலியும் கொக்கியும் மட்டும்தான். சேர்மன் ஒருநாள் நாக்கை நீட்டிச் சங்கிலியைக் கொக்கியிலிருந்து எடுத்துவிட்டுத் தன் வீடு போல உள்ளே போய் மேய்ந்துகொண்டிருந்தது. நல்லவேளை, மற்ற மாடுகள் பார்ப்பதற்குள் பூட்டக்கா அதை வெளியே ஓட்டிவிட்டாள்.

நேரே பால்காரரிடம் போனாள். "அண்ணே, உங்க மாடு கேட்டத் திறக்குது."

"எம் மாட்டுக்கு அறிவு இருக்கு, திறக்குது. உன் கேட்டுக்கு அறிவு இல்ல, திறந்துக்குது. இதுல என் தப்பு என்னம்மா?"

அவருக்கு வெகுநாளாகவே அந்தச் சாவிக்கொத்தின் மேல் ஆசை. இவள் சீக்கிரம் சீக்கிரம் சாத்துவதால்தான் பால் குறைகிறது என்று சொல்லிக்கொண்டிருப்பார். பால் ஊற்றும் அறையில் மாட்டுக்காரர்கள் கூடியபோது அவர் பேச்சு எடுபட்டது. இன்னொரு முறை மேட்டுப் பங்கில் மாடு இறங்கினால் சாவி பால்காரரிடம் போகும் என்று முடிவானது.

அன்று பூட்டக்கா என் சமையலறையில் வந்து உட்கார்ந்தாள். டீ ஆறிப்போனது கூடத் தெரியவில்லை. சாவியை அவள் பெருமைக்காக வைத்திருக்கவில்லை. பால்காரர் கைக்குப் போனால் கோடைக்குள் அந்தப் பங்கு தங்காது என்று அவளுக்கு நிச்சயம்.

"நல்ல பூட்டா ஒண்ணு வாங்கிப் போட்டுட்டாப் போச்சு," என்றேன்.

"பூட்டினா வேலிய முட்டும் அண்ணி. நோய் கேட்டுல இல்ல, அவ கழுத்துல இருக்கு. அந்த மணிதான் அவளுக்குத் திமிரு."

மணியைக் கழற்றித் தன் சொந்த மாட்டுக்குக் கட்டிவிடப் போகிறாளாம். அது வாயில்லாத பழுப்பு மாடு, பெயரே சாது. மந்தை மணியின் பின்னால்தான் போகும், இனி சேர்மன் எங்கே போனாலும் தனியாகத்தான் போகும் என்று கணக்குப் போட்டிருந்தாள். எனக்கும் சரி என்றுதான் பட்டது.

புது வார் தைக்கிற வேலை தையற்காரருக்கு வந்தது.

"கழுத்து அளவு வேணுமே," என்றார்.

"வந்து எடுத்துக்கோங்க."

"நீயே எடுத்துட்டு வாம்மா. எனக்கு அவசரத் துணி கிடக்கு."

அவள் முழம் போட்டு அளந்து வந்து சொன்னாள். அவர் உறுத்தக் கூடாது என்று உள்ளே மெத்தென்று துணி வைத்து, ரவிக்கைக்குப் போடுவதுபோல ஓரம் மடித்துத் தைத்துக் கொடுத்தார்.

மறுநாள் காலை மாடுகளைக் கீழ்ப் பங்கிலிருந்து ஓடைப் பங்குக்கு மாற்ற வேண்டும். மாடு மாற்றும்போது பூட்டக்கா முன்னால் குரல் கொடுத்துக்கொண்டே நடப்பாள், திரும்பிப் பார்க்க மாட்டாள். திரும்பினால் நிற்கச் சொல்கிறாள் என்று நினைத்து மாடு நின்றுவிடும். மணிச் சத்தம் முதுகுக்குப் பின்னால் வந்தால் மந்தையே வருகிறது என்று அர்த்தம்.

அன்றும் மணி நன்றாகவே பின்னால் வந்தது. அவளும் சந்தோஷமாகச் சாதுவிடம் பேசிக்கொண்டே போனாள். "பாத்தியா, பதவி வந்ததும் நடையே மாறிடுச்சு." ஓடைப் பங்கின் கேட்டைத் திறந்து ஒதுங்கி நின்று திரும்பினாள்.

சாது மட்டும் நின்றுகொண்டிருந்தது. பின்னால் வெறும் தடம்தான் கிடந்தது.

எந்த மாடு தன்னை வளர்த்தவள் பின்னால் போகாது? அது அவளுக்காக வந்தது. மந்தை மணியைச் சட்டை செய்யவே இல்லை, சேர்மனோடு போய்விட்டது. எங்கே போயிருக்கும் என்று அவள் யாரையும் கேட்கவில்லை. சாதுவைப் பிடித்து இழுத்துக்கொண்டு மேட்டுக்கு ஓடினாள்.

நான் அப்போது குழாயடியில் குடத்தோடு நின்றிருந்தேன். அவள் ஓடுவதைப் பார்த்துக் குடத்தை வைத்துவிட்டு நானும் ஓடினேன்.

மேட்டுப் பங்கின் கேட்டுக்கு முன்னால் மாடுகள் அத்தனையும் நெருக்கிக்கொண்டு நின்றன. கேட்டுக்கு உள்பக்கம், கழுத்தில் அளவு டேப்போடு தையற்காரர் நின்றார். தான் தைத்த வார் மாட்டுக் கழுத்தில் எப்படி இருக்கிறது என்று தூரத்திலிருந்து பார்க்க ஆசைப்பட்டிருக்கிறார். எங்கே நிற்பது? மாடே வராத இடம் ஊரில் ஒன்றுதான். உள்ளே போய்ச் சங்கிலியையும் மாட்டிக்கொண்டு நிம்மதியாக நின்றிருக்கிறார். ஊர் மாடுகள் எல்லாம் அவரைத் தேடி வந்துவிட்டன.

கம்பிக்கு நடுவே கையை விட்டுக் கொக்கியை இரண்டு கையாலும் பொத்திப் பிடித்திருந்தார். கண் மூடியிருந்தது. உதடு தெரிந்த கடவுள்களை எல்லாம் கூப்பிட்டுக்கொண்டிருந்தது. சேர்மன் நாக்கை நீட்டி அவர் விரல்களை ஒவ்வொன்றாக நக்கிப் பார்த்தது. ஓடிவிடுவதற்குப் பின்னால் அவ்வளவு வெளி இருந்தது. கடவுள் அன்று அவர் காலைக் கட்டிப்போட்டுக் கைக்குப் பலம் கொடுத்தார்.

"என்னங்க, விட்றாதீங்க," என்றாள் பூட்டக்கா.

"விட்டாத்தானே? விரல் வரமாட்டேங்குது," என்றார், கண்ணைத் திறக்காமலே.

இதற்குள் பால்கேன்களோடு சைக்கிளில் வந்த பால்காரரும் இறங்கி நின்றார். முதலில் சிரித்தார். "சாவிய எடுத்து வச்சுக்கோம்மா, சாயங்காலம் வந்து வாங்கிக்கிறேன்," என்றார்.

"மாடு இன்னும் உள்ள இறங்கலண்ணே. உங்க மாடுதானே, கூப்பிடுங்க, வரட்டும்."

அவர் கூப்பிட்டார். செல்லமாகக் கூப்பிட்டார், அதட்டினார், கொம்பைப் பிடித்து இழுத்தார். சேர்மன் தலையை ஒரு ஆட்டு ஆட்டியது. அவர் தலைத்துண்டு சேற்றில் விழுந்தது. அது மறுபடி விரலை நக்கப் போய்விட்டது.

பூட்டக்கா சாதுவின் கழுத்திலிருந்து மணியைக் கழற்றினாள். "நீதான் பெரியவ. நான்தான் புத்தி கெட்டுப் போய் மாத்திட்டேன், வா தாயே," என்று சொல்லிச் சேர்மன் கழுத்தில் கட்டினாள். வார் கடைசி ஓட்டையில்தான் எட்டியது. பிறகு குரல் கொடுத்தபடி இறக்கத்தில் நடந்தாள். திரும்பவில்லை. முதுகு மட்டும் விறைத்திருந்தது.

கொஞ்ச நேரம் ஒன்றும் நடக்கவில்லை. அப்புறம் மணி அசைந்தது. சேர்மன் பெருமூச்சு விட்டுத் திரும்பி அவள் பின்னால் நடந்தது. அதன் பின்னால் எல்லாம் போயின.

"போயிடுச்சா?" என்று கேட்டார் தையற்காரர்.

"போயிடுச்சு, கண்ணத் திறங்க," என்றார் பால்காரர், துண்டை உதறிக்கொண்டே.

அன்று மாலை பால் ஊற்றும் அறையில் பூட்டக்கா முந்திக்கொண்டு, மணியை மாற்றியது தன் தப்பு என்று சொல்லிவிட்டாள். எல்லோரும் பால்காரர் முகத்தைப் பார்த்தார்கள்.

"சாவி அங்கேயே கிடக்கட்டும்ப்பா," என்றார் அவர். "எம் மாடே எம் பேச்சக் கேக்கல. ஊரு மாட்ட நான் எங்க மேய்க்கிறது?"

"அப்ப அந்தக் கொக்கிய மட்டும் நீங்களே வந்து மாத்திக் குடுங்கண்ணே," என்றாள் பூட்டக்கா. "உங்க வீட்டுப் பிள்ளை செஞ்ச வேலைதானே."

மறுநாள் அவர் திருப்புளியும் கையுமாக வந்து, கேட்டின் உள்பக்கம், நாக்குக்கு எட்டாத இடமாகப் பார்த்து உட்கார்ந்து கொக்கியைப் பொருத்தினார். வேலை முடிகிறவரை சேர்மன் வேலிக்கு அந்தப் பக்கம் நின்று, அசைபோடுவதைக்கூட நிறுத்திவிட்டு, திருகாணி எந்தப் பக்கம் சுற்றுகிறது என்று உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தது.