துருக்கிக்காரருக்குப் போட்ட பிளெக்ஸ்

காரைக்குடியில் உட்கார்ந்துகொண்டு ஐந்து வருடமாக நான் துருக்கி நாட்டின் மூத்த நடிகராக இருந்தேன். முகம் அவருடையது, குரல் என்னுடையது. பிற்பகல் இரண்டு மணிக்குத் தமிழில் ஓடும் அந்தத் துருக்கித் தொடரில், கடலோர மாளிகையில் வெள்ளைத் தாடியோடு உட்கார்ந்து மொத்தக் குடும்பத்தையும் மன்னித்துக்கொண்டே இருப்பாரே ஒரு பெரியவர், அவர் தமிழ் பேசியது என் வாயால்.

நேரில் அவரைப் பார்த்ததில்லை. ஆனாலும் அவர் மனைவிக்கு அடுத்தபடியாக அவர் வாயை அதிகம் பார்த்தவன் நானாகத்தான் இருப்பேன். பேசுவதற்கு முன் மூக்கால் ஒரு மூச்சு விடுவார். டீயைச் சின்னக் கண்ணாடிக் கோப்பையில் உறிஞ்சுவார். அந்த உறிஞ்சலும் என் கணக்குதான். துருக்கி மொழியிலும் நம்மைப் போலவே வினைச்சொல் கடைசியில்தான் வருமாம். அதனால் அவர் வாயை மூடுகிற இடத்தில் நானும் மூடுவது அவ்வளவு கஷ்டமில்லை. தகப்பனை அவர்கள் 'பாபா' என்கிறார்கள், நாங்கள் 'அப்பா' என்று போட்டால் உதடு அப்படியே ஒட்டிக்கொள்ளும்.

தொழில் பக்திக்காக இணையத்தில் கிடைத்த அவருடைய பழைய படங்களையெல்லாம் பார்த்தேன். இருபத்தைந்து வயதில், கருப்பு வெள்ளையில், வில்லனுடைய அடியாள். கதவருகில் நிற்பார், கதாநாயகன் உள்ளே நுழைந்ததும் முதல் அடி அவருக்கு. பத்து வருடம் அப்படி அடி வாங்கியதைப் பாராட்டி அவரையே வில்லனாக்கினார்கள், அதன்பிறகு கடைசி அடி அவருக்கு. நாற்பதில் காமெடி செய்தார். ஐம்பதில் அவரை யாரும் கூப்பிடவில்லை. மைத்துனர் கடையில் செருப்பு விற்றதாக ஒரு பேட்டியில் சிரித்துக்கொண்டே சொல்கிறார். எழுபதில் தாடி வளர்த்தார். தாடியைப் பார்த்ததும் எல்லோருக்கும் அவர் ஞாபகம் வந்துவிட்டது. எனக்கென்னவோ அவர் நடிப்பு கடைசிவரை மாறவே இல்லை என்றுதான் படுகிறது. கதவருகில் நின்ற அதே ஆள்தான், இப்போது நாற்காலி கொடுத்திருந்தார்கள்.

என் நடிப்பு வாழ்க்கை இதைவிடச் சுருக்கமானது. முப்பத்து நான்கு வயதில் தாலுகா ஆபீஸ் வேலையை ராஜினாமா செய்துவிட்டு நடிக்கச் சென்னைக்குப் போனேன். ஒன்றரை வருடம் கழித்து ஒரு படத்தில் வாய்ப்பு வந்தது. வேனில் ஏற்றி ராத்திரி முழுக்க ஓட்டிக்கொண்டுவந்து காலையில் இறக்கிவிட்டார்கள். இறங்கிப் பார்த்தால் கொத்தமங்கலம். எங்கள் காரைக்குடி வீட்டிலிருந்து பஸ்ஸில் வந்திருந்தால் காப்பி ஆறுவதற்குள் வந்திருக்கலாம். அங்கே ஒரு பெரிய செட்டியார் வீட்டு வாசலில் பஞ்சாயத்துத் தலைவருக்குக் குடை பிடித்தேன். படத்தில் குடை நன்றாகவே தெரிந்தது. "குரல் நல்லாருக்கு, முகத்தை என்ன பண்றதுன்னுதான் தெரியல" என்று ஒரு இயக்குநர் மனம்விட்டுச் சொன்னார். அப்படித்தான் டப்பிங்குக்கு வந்து சேர்ந்தேன்.

அப்பா என்னோடு பேசுவதை நிறுத்தியது நான் ராஜினாமாக் கடிதம் கொடுத்த அன்று. அவரும் தாலுகா ஆபீஸில் இருந்து ஓய்வு பெற்றவர்தான். கால் காசு உத்தியோகமானாலும் கவர்மெண்ட் உத்தியோகம் என்கிற மதத்தைச் சேர்ந்தவர். நான் கொலை செய்துவிட்டு உள்ளே போயிருந்தால் மனு போட்டுப் பார்க்க வந்திருப்பார், ராஜினாமாவுக்கு அவரிடம் மன்னிப்பு கிடையாது. அம்மா இறந்து, அவரைத் தனியாக விடக்கூடாது என்று நானும் என் மனைவியும் காரைக்குடிக்கே திரும்பி வந்த பிறகும் அந்த நிலைமை மாறவில்லை. ஒரே வீடு, ஒரே சோற்றுப்பானை, பேச்சு மட்டும் என் மனைவி வழியாக. இரண்டடி தூரத்தில் நான் நிற்பேன்.

"ஏத்தா, உன் புருஷன மோட்டார நிப்பாட்டச் சொல்லு. தொட்டி நெறஞ்சு ஊத்துது."

அவள் என்னைத் திரும்பிப் பார்ப்பாள். நான் போய் நிறுத்துவேன். இப்படிப் பதினேழு வருடம் ஓடிவிட்டது. வேறு எதற்கும் நான் ஏங்கியதில்லை என்று சொன்னால் பொய். ஆனால் எல்லா ஏக்கத்தையும் ஒரு தட்டில் வைத்தாலும், அவர் ஒரு தடவை என் முகத்தைப் பார்த்து, திட்டியாவது பேசிவிட மாட்டாரா என்பதுதான் கனமாக இருக்கும்.

மாடியில் ஒரு அறை. சுவரெல்லாம் பழைய இலவம்பஞ்சு மெத்தை, ஜன்னலுக்குப் போர்வை. நான் மைக் போட்டால் கீழே மிக்ஸி ஓடக்கூடாது, அறையில் மின்விசிறி சுற்றக்கூடாது. ஆடி மாதம் தெருக்கோயிலில் ஒலிபெருக்கி கட்டினால் துருக்கியே மூன்று நாள் ஊமை. அங்கே வியர்வை ஒழுக உட்கார்ந்து, "மகனே, வா. முதலில் சாப்பிடு. மற்றதைப் பிறகு பேசலாம்" என்று ஒரு தகப்பன் சொல்ல வேண்டியதையெல்லாம் வாரத்துக்கு ஐந்து எபிசோடு சொல்லி சென்னைக்கு அனுப்புவேன். இரண்டு மணிக்கு அப்பா ஹாலில் டிவியைச் சத்தமாக வைப்பார். அடுப்படியில் நின்று நான் கேட்டுக்கொண்டிருப்பேன். என் குரல் பேசும். அப்பா அதற்குப் பதில் சொல்வார்.

"சரியாச் சொன்னீகய்யா. பெத்த மனசு வேற என்ன செய்யும்?"

மனைவி ஒருநாள் பொறுக்க மாட்டாமல் போட்டு உடைத்துவிட்டாள். "மாமா, அது உங்க மகன் குரலு."

அப்பா டிவியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "அவனா? அவனுக்கு இம்புட்டு நிதானம் ஏது?"

அதற்கு மேல் நாங்கள் அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

போன வருடம் ஒரு செவ்வாய்க்கிழமை காலை சென்னையிலிருந்து டப்பிங் ஒருங்கிணைப்பாளர் கூப்பிட்டார். "சார், உங்க துருக்கிக்காரர் போயிட்டார். எண்பத்தொண்ணு." எனக்கு முதலில் வந்தது துக்கமில்லை, பிழைப்பைப் பற்றிய பயம். ஒத்துக்கொள்வதில் வெட்கமில்லை. அவர் நடித்து முடித்த எபிசோடுகள் இன்னும் இரண்டு மாதத்துக்கு இருக்கின்றன என்று தெரிந்த பிறகுதான் ஒழுங்காக வருத்தப்பட முடிந்தது. அன்றைக்கு மதியம் டீ உறிஞ்சும் இடம் ஒன்று வந்தது. கோப்பையை வாயருகே கொண்டுபோன என்னால் உறிஞ்ச முடியவில்லை.

செய்தி போனில் பரவிவிட்டது. சாயங்காலம் பக்கத்து வீட்டுக்கார அம்மா தலையை முடிந்துகொண்டு வந்தார். வாசலில் யாரையும் கூப்பிடவில்லை, சிரிக்கவில்லை, நேரே வந்து ஹாலில் உட்கார்ந்தார். துட்டி கேட்க, அதாவது சாவுக்குத் துக்கம் விசாரிக்க, வந்திருக்கிறார் என்பது என் மனைவிக்கு ஒரு நிமிடம் கழித்துத்தான் உறைத்தது. துட்டிக்கு வந்தவர்களை 'வாங்க' என்று சொல்லக்கூடாது. ஆனால் செத்தது இஸ்தான்புல்லில். எந்த வீட்டுச் சட்டம் இங்கே செல்லும் என்று தெரியாமல் அவள் பாதி வாயைத் திறந்தபடி நின்றாள்.

"நல்ல மனுஷன். அந்த மருமகதான் அவரப் படுத்தி எடுத்துட்டா" என்றார் அந்த அம்மா. கொஞ்ச நேரம் இருந்துவிட்டுச் சொல்லிக்கொள்ளாமல் எழுந்து போனார். அப்பா அவருடைய நாற்காலியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். அன்று இரவு அவர் சாப்பிடவில்லை என்று மனைவி சொன்னாள்.

தெருமுனை டீக்கடைக்காரர் அத்தோடு விடவில்லை. அவருக்கு என்மேல் தனிப் பிரியம். கடை டிவியில் தொடர் ஓடும்போது, "நம்ம அண்ணன் வாய்ஸுய்யா" என்று வருகிறவன் போகிறவனையெல்லாம் நிறுத்திச் சொல்வார். வியாழக்கிழமை அவர் பஸ் ஸ்டாப்பில் ஒரு பிளெக்ஸ் வைத்துவிட்டார். போனில் இருந்து எடுத்த துருக்கிக்காரர் படத்தைப் பெரிதாக்கினால் உடைந்துவிடும் என்று அச்சடிக்கிறவர் சொல்லியிருக்கிறார். எனவே அவரை மூலையில் தீப்பெட்டி அளவுக்கு வைத்துவிட்டு, கல்யாண வீட்டில் எடுத்த என் படத்தை ஆளுயரத்துக்குப் போட்டு, மேலே கொட்டை எழுத்தில் 'கண்ணீர் அஞ்சலி' என்று அடித்துவிட்டார்கள். வேலை செய்தவர் கைதேர்ந்தவர். இரண்டு பக்கமும் குத்துவிளக்குகூட எரிந்தது.

எனக்கு இது எதுவும் தெரியாது. நான் மாடியில் கதவைச் சாத்திக்கொண்டு இறந்தவருக்குப் பேசிக்கொண்டிருந்தேன். மனைவி சந்தைக்குப் போயிருந்தாள். அரியக்குடியிலிருந்து பஸ்ஸில் வந்த என் சித்தப்பா, அப்பாவின் தம்பி, ஜன்னல் வழியாக அந்த பிளெக்ஸைப் பார்த்திருக்கிறார். பஸ் நகர்ந்துவிட்டது. உடனே வீட்டு போனுக்குக் கூப்பிட்டிருக்கிறார். எடுத்தது அப்பா.

"ஏண்ணே, ஒரு வார்த்தை சொல்லப்படாதா? எப்ப எடுக்கிறீக?"

"எதய்யா எடுக்க?"

"பிளெக்ஸு வச்சிருக்கு. நம்ம பய போயிட்டான்னு."

இதெல்லாம் பிறகு சித்தப்பா சொல்லித் தெரிந்துகொண்டது. எனக்குத் தெரிந்தது கதவில் விழுந்த அடிதான். மெத்தை போட்ட கதவு அது, சாதாரணத் தட்டு உள்ளே கேட்காது. ஹெட்போனையும் தாண்டிக் கேட்டதென்றால் அவர் எத்தனை நேரம் தட்டினாரோ. எரிச்சலோடு எழுந்து திறந்தேன்.

எழுபத்தொன்பது வயது. முழங்கால் வலி என்று நாலு வருடமாக மாடிப்படியே ஏறாதவர். கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு, மேல்துண்டுகூட இல்லாமல், வாயைத் திறந்து மூச்சு வாங்கிக்கொண்டு நின்றார். என்னைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தார்.

"உசுரோடதான் இருக்கியா?"

"இருக்கேம்ப்பா" என்றேன். வேறு என்ன சொல்வது?

கையை நீட்டி என் தோளைப் பிடித்தார். பிடித்தவர் விடவில்லை. உள்ளே வந்து, மிச்சமிருந்த மெத்தைகளை அடுக்கியிருந்த இடத்தில் உட்கார்ந்தார். தண்ணீர் கொடுத்தேன், குடித்தார். இறங்கிப் போய்விடுவார் என்று பயந்துகொண்டே நின்றேன். அவர் போகவில்லை. மைக்கையும் சுவரையும் பார்த்துக்கொண்டிருந்தவர் திடீரென்று தாலுகா ஆபீஸ் குரலில் ஆரம்பித்தார்.

"போன மாசம் அந்த மகன் திரும்பி வந்தான்ல, அந்த எபிசோடுல நீ அழுதது ஜாஸ்தி."

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. சென்னையில் எல்லோரும் தூக்கிவைத்துக் கொண்டாடிய அழுகை அது. "எனக்கென்னப்பா, அவரு அழுதாரு, நான் அழுதேன்."

"அவரு எங்க அழுதாரு? அவரு கண்ணுல தண்ணி நின்னுச்சு, அம்புட்டுதான். நீயில்ல மூக்க உறிஞ்சி உறிஞ்சி அழுத."

"உங்களுக்கு டப்பிங் பத்தி என்ன தெரியும்?"

"அஞ்சு வருசமா ஒரு நாள் விடாமப் பாக்குறேன், எனக்குத் தெரியாதா? அந்தக் கோர்ட்டு சீனுல இழுத்துப் பேசுன. அதுவும் தப்பு."

சந்தையிலிருந்து வந்த மனைவி கீழே நின்று, மாடியில் இரண்டு ஆண்கள் சண்டை போடும் சத்தத்தைக் கேட்டிருக்கிறாள். பையைப் போட்டுவிட்டுப் பதறி ஓடிவந்து, வாசலில் எங்களைப் பார்த்ததும் அப்படியே நின்றாள். சமாதானம் செய்யவில்லை. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு இறங்கிப் போய்விட்டாள்.

"சரி, மைக்கப் போடு. எப்படித்தான் பேசுறன்னு பாப்போம்" என்றார் அப்பா.

பதிவு செய்கிற நேரத்தில் அறையில் இன்னொருவர் இருக்கக்கூடாது. இதை அவரிடம் சொல்லும் துணிச்சல் எனக்கில்லை, சொல்லவும் விருப்பமில்லை. போட்டேன். திரையில் துருக்கிக்காரர் மூக்கால் மூச்சு விட்டார், நான் பேசினேன். அப்பா தலையை ஆட்டினார்: "ம்ஹூம்." திரும்பப் பேசினேன். "ம்ஹூம். அவசரப்படுற." ஐந்து வருடம் கண்ணை மூடிக்கொண்டு செய்த வேலை, ஒரு வரி சரியாக வரவில்லை. ஏழாவது தடவை பேசி முடித்ததும் அவர், "இது பரவால்ல" என்றார்.

அதைத்தான் அனுப்பினேன். மறுநாள் சென்னையிலிருந்து திருப்பிவிட்டார்கள். வசனத்துக்கு நடுவில் யாரோ மூச்சிரைக்கிற சத்தம் கேட்கிறதாம், இன்னொரு முறை சுத்தமாக எடுத்து அனுப்பச் சொன்னார்கள். எடுத்து அனுப்பிவிட்டேன். பழையதை அழிக்கவில்லை.